கூரைக்குப் போன தண்டவாளம்

"தண்டவாளம் எங்கே?" என்று அபிநயா கேட்டதும் ஏரிக்கொட்டாய் ஊராட்சி அலுவலக வாசலில் கூடியிருந்தவர்கள் ஆளுக்கொரு பக்கம் பார்த்தார்கள். ஒருவர் தன் செருப்பைப் பார்த்தார். இன்னொருவர் அடிக்காத செல்போனை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு நகர்ந்தார். ஊராட்சித் தலைவர் மாயவன் அண்ணாந்து பார்த்து, மழை வரும்போல இருக்கிறதே என்றார். வானத்தில் ஒரு துண்டு மேகம்கூட இல்லை.

அபிநயா சென்னையிலிருந்து வந்திருந்த பொறியாளர். பழைய ரயில் பாதையிலேயே மலையடிவாரம் வரைக்கும் வெயிலில் நடந்துவிட்டு வந்திருந்தாள். கரைமண் கரையாமல் இருக்கிறது, ஓடைப் பாலங்கள் கெட்டியாக நிற்கின்றன, அடிவாரத்து மர டிப்போவின் சுவர்கூட விழவில்லை. ரயில் ஓடுவதற்கு வேண்டிய எல்லாம் இருந்தன, தண்டவாளத்தைத் தவிர.

அவளுக்குப் பின்னால் நின்றிருந்த அன்புச்செல்வன் பல்லைக் கடித்துக்கொண்டான். அவள் கேட்டதற்குப் பதில் அவள் தலைக்கு மேலேயே இருந்தது. அலுவலக வாசலின் தகரக் கூரையைத் தாங்கிக்கொண்டிருந்த உத்திரம் பச்சைப் பெயிண்ட் அடித்த தண்டவாளம்.

வடக்கனந்தல் பக்கத்தில் ஒரு காலத்தில் ஒரு தனியார் ஆலை இருந்தது. கல்வராயன் மலையிலிருந்து இறங்குகிற மூங்கிலையும் விறகையும் ஆலைக்கு இழுத்துப்போக, மலையடி டிப்போவிலிருந்து குறுகலாக ஒரு லைன் போட்டிருந்தார்கள். சந்தை நாளில் கடைசியில் ஒரு பெட்டியை மாட்டி ஆட்களையும் ஏற்றுவார்கள். ஆலை மூடியது, ரயில் நின்றது. முதலாளிகள் பங்குச் சண்டையில் கோர்ட்டுக்கு அலைந்துகொண்டிருந்த வருஷங்களில் தண்டவாளம் துண்டு துண்டாக ஊருக்குள் வந்து சேர்ந்தது. மாட்டுக்கொட்டகைக்குத் தூணானது, கிணற்று மேலே குறுக்குச் சட்டமானது, மோட்டார் ரூமுக்கு உத்திரமானது. அதைத் திருட்டு என்று ஊரில் யாரும் சொல்வதில்லை. "லைன்ல இருந்து எடுத்தது" என்பார்கள், ஏரியிலிருந்து வண்டல் எடுத்ததைச் சொல்வதுபோல.

அந்த ரயிலைத் திரும்ப ஓட்ட வேண்டும் என்று கிளம்பியவன் அன்புச்செல்வன்தான். கரும்பும் மரவள்ளியும் போடுகிற விவசாயி. பழைய ரயிலின்மேல் அவனுக்குப் பெரிய பாசம் ஒன்றும் கிடையாது. அது ஓடிய காலத்தில் அவனுக்கு நடக்கவே தெரியாது. அவன் ஆத்திரம் வேறு. மாவட்டம் பிரிந்தது. ஆபீஸ், கோர்ட், பெரிய கடை எல்லாம் கள்ளக்குறிச்சிக்கு வந்தன. ஏரிக்கொட்டாய்க்கு ஒரு பஸ்கூடக் கூடுதலாக வரவில்லை. மலையில் அருவி பார்க்க வேன் வேனாக ஜனம் போகிறது, ஊருக்குள் ஒரு டீ குடிக்க யாரும் இறங்குவதில்லை. குட்டி ரயில் ஓடினால் இறங்குவார்கள் என்று அவனுக்குத் தோன்றியது. திங்கட்கிழமை தோறும் மனுவோடு பஸ் ஏறினான். ஊரில் அவனுக்கு 'ரயிலு' என்றே பெயர் வைத்தார்கள். அந்தப் பெயரைப் பொறுத்துக்கொண்டு வருஷக்கணக்கில் அலைந்து, கடைசியில் பாரம்பரிய ரயில் திட்டம் என்று ஒன்று அறிவிக்கப்பட்டபோது, ஊர்க் கமிட்டிக்கு அவனே செயலாளர் ஆனான்.

"சார், எஸ்டிமேட்ல 'தண்டவாளம் தளத்தில் உள்ளது'ன்னு யாரோ எழுதி வெச்சிருக்காங்க" என்றாள் அபிநயா, கூட்டம் கலைந்த பிறகு. "அதனால வாங்கறதுக்கு நிதியே ஒதுக்கல. இன்ஜினுக்கு இருக்கு, பெட்டிக்கு இருக்கு, ஸ்டேஷனுக்கு பெயிண்ட் அடிக்கக்கூட இருக்கு. தண்டவாளத்துக்கு மட்டும் இல்ல."

"மாத்தி எழுதச் சொல்லுங்கம்மா."

"எழுதியிருக்கேன். ஃபைல் மறுபடியும் முதல்லேருந்து போகும். எப்ப வரும்னு என்னால சொல்ல முடியாது."

ஃபைல் போனால் என்ன ஆகும் என்று அன்புச்செல்வனுக்குத் தெரியாதா? அவன் வயசே ஃபைலுக்குப் பின்னால் போயிருந்தது. "ஊர்ல இருக்கறத நான் வாங்கித் தரேன்" என்று சொல்லிவிட்டான். முழு நீளமாக இருக்க வேண்டும், எடுப்பதற்கு முன்னால் நான் ஒருமுறை பார்க்க வேண்டும் என்று அவள் ஏதோ சொன்னாள். அவன் காதில் அது பாதிதான் விழுந்தது. அதற்குள் அவன் மனசு எந்த வீட்டில் எத்தனை இருக்கிறது என்று ஓட ஆரம்பித்திருந்தது.

முதலில் தலைவர் வீட்டுக்குப் போனான். மாயவனின் மாந்தோப்பு கேட், தண்ணீர்த் தொட்டி மேடை, டிராக்டர் கொட்டகை எல்லாமே லைனிலிருந்து எடுத்ததுதான்.

"குட்க்க மாட்டன்னு சொன்னனா?" என்றார் மாயவன். "ஊர்ல எல்லாரும் குடுக்கட்டும், கடைசியா நான் குடுக்கறேன். தலைவரே மொதல்ல குடுத்தா ஜனங்கள கட்டாயப்படுத்தினாப்பல ஆயிடும் பாரு."

"நீங்க குடுத்தாதாங்க மத்தவங்க குடுப்பாங்க."

"தப்பு. மத்தவங்க குடுத்தாதான் நான் குடுக்கறதுக்கு மரியாத."

அடுத்த வீட்டில், மில்காரனிடம் காசு கொடுத்து வாங்கியது என்றார்கள். அதற்கடுத்த வீட்டில், "பொங்கலுக்குப் பொங்கல் பொட்டு வெச்சிக் கும்புட்டுக்கினு இருக்கோம்பா, அத்தப்போயி எப்பிடி உருவறது?" என்றார்கள். ஒருவர், ரயில் எப்போது வரும் என்று ஆசையாகக் கேட்டு, டீ கொடுத்து, ஸ்டேஷன் பக்கத்தில் தன் மச்சானுக்கு ஒரு கடை வைக்க இடம் பார்த்து வைக்கும்படி சொல்லிவிட்டு, தண்டவாளப் பேச்சு வந்ததும் பூஜைக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்து போனார். ரயில் வேண்டாம் என்று ஒருவர்கூடச் சொல்லவில்லை. அதுதான் அவனுக்குத் தாங்கவில்லை. வேண்டாம் என்று சொல்லியிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

நாள் முழுக்க அலைந்ததில் கிடைத்தது ஒன்றுதான். பள்ளிக்கூடத்துத் தலைமை ஆசிரியை, கரண்ட் பெல் வந்துவிட்டதால் மணியடிக்கிற இரும்பு இனித் தேவையில்லை என்று கொடுத்தனுப்பினார். அதுவும் தண்டவாளம்தான். முழங்கை நீளம் இருந்தது.

அதைக் கொண்டுவந்து வாசலில் போட்ட சத்தத்துக்கு அவன் மனைவி விஜயலட்சுமி வெளியே வந்தாள். பார்த்தாள். சிரிக்கவில்லை, நல்ல காலம்.

"அவங்கவங்க வூட்டு உத்திரத்த உருவிக் குடுன்னா எவன் குடுப்பான்?" என்றாள். "நம்ப மாட்டுக்கொட்டாயில நிக்கறது இன்னாவாம்? அத்த மொதல்ல குட்த்தியா நீ?"

"அது அண்ணனுக்கும் சேந்தது."

"அவங்க வூட்டுதும் அப்பிடித்தான். யாருக்காவது சேந்ததாத்தான் இருக்கும்."

அவன் கைகால் கழுவப் போனான்.

ஊர் கொடுக்கவில்லை என்ற செய்தி மேலே போனது. ஒருநாள் காலையில் வருவாய் ஆய்வாளர் ஒரு டிராக்டரோடும், கூலி ஆட்களோடும், இரண்டு போலீஸ்காரர்களோடும் வந்து இறங்கினார். அன்புச்செல்வனுக்குப் போன் வந்தபோது அவன் மரவள்ளிக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்தான். சட்டையை மாட்டிக்கொண்டு ஊருக்குள் ஓடினான். மாயவன் தோப்பில்தான் டிராக்டர் நிற்கும் என்று நினைத்தான். அங்கே ஒரு காக்கா இல்லை. சத்தம் காலனிப் பக்கமிருந்து வந்தது.

காலனியின் கடைசி வீடு இருசம்மாளுடையது. அவளும் அவள் கணவன் பாவாடையும் கூலி வேலைக்குப் போகிறவர்கள். ஓட்டு வீட்டின் முன்பக்கத்து இறக்கை, அதாவது வாசல் தாழ்வாரத்துக் கூரை, ஒரே ஒரு தண்டவாளத்தின்மேல் நின்றுகொண்டிருந்தது. அதுவும் பாவாடையின் அப்பா காலத்தில் வைத்தது. அன்புச்செல்வன் போய்ச் சேர்ந்தபோது அது டிராக்டரில் ஏறியிருந்தது. இறக்கை மொத்தமும் கீழே கிடந்தது. உடைந்த ஓடுகளுக்கு நடுவில் இருசம்மாள் குந்தியபடி, உடையாத ஓடுகளைத் தனியாகப் பொறுக்கி அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"இங்க ஏன் சார் வந்தீங்க?" என்று ஆய்வாளரிடம் பாய்ந்தான் அன்புச்செல்வன். "தோப்புல போய்ப் பாருங்க. ஒரு டிராக்டரு பத்தாது."

"அது பட்டா இடம். நோட்டீஸ் குடுக்கணும், பதில் வாங்கணும், அப்புறந்தான் உள்ள போக முடியும். இது புறம்போக்கு. நோட்டீஸ் வேணாம்."

"அதுக்கு? வூட்ட பிரிப்பீங்களா?"

"நீங்கதானே சார் செயலாளர்? தண்டவாளம் மீட்டுக் குடுங்கன்னு உங்க கமிட்டி லெட்டர்பேடுலதானே மனு வந்துச்சு?"

அந்த மனுவை எழுதியது அன்புச்செல்வன்தான். ஊர்ப் பெரியவர்களை மனசில் வைத்து எழுதியது.

இருசம்மாள் கையில் ஒரு ஓட்டோடு நிமிர்ந்தாள். அவள் கத்தவில்லை. "ஏங்க, ரயிலு வரணும்னு கையெழுத்து கேட்டுக்கினு வந்தீங்களே, நானுந்தான போட்டேன்? வூட்ட பிரிப்போம்னு அன்னிக்கே சொல்லியிருக்கலாமில்ல?"

"நான் பிரிக்கச் சொல்லலம்மா."

"யாரு சொன்னாங்களோ. பிரிஞ்சி கெடக்குது, பாருங்க."

அன்றைக்குச் சாயங்காலம் அவன் நேராக மாட்டுக்கொட்டகைக்குப் போனான். அண்ணன் தீனதயாளன் பால் கறந்துகொண்டிருந்தார். இரண்டு வீட்டுக்கும் பொதுவான கொட்டகை; அப்பா கட்டியது. பாகம் பிரித்தபோது வீட்டைப் பிரித்தார்கள், நிலத்தைப் பிரித்தார்கள், கொட்டகையை மட்டும் விட்டுவிட்டார்கள்.

"நாளைக்கு இத்த பிரிக்கப்போறேன்" என்றான்.

தீனதயாளன் மடியிலிருந்து கையை எடுக்கவில்லை. "எத்த?"

"கொட்டாய. தண்டவாளத்த எடுத்துக் குடுக்கணும்."

"பைத்தியம் புடிச்சிக்கிச்சா? மாட்ட எங்க கட்றது, உன் ரயிலு பொட்டியிலயா?"

"காலனிக்காரன் வூட்டுது எடுத்துட்டாங்க. நம்பளுது நின்னுக்கினு இருந்தா எனக்கு மொகம் காட்ட முடியாதுண்ணா."

"ஊரு பூரா நிக்குது. தலைவன் தோப்புல நிக்குது. உனக்கு மட்டும் இன்னாடா மொகம்?"

"பாதி என்னுது. என் பாதிய எடுக்கறேன்."

"அப்ப மாடு பாதி நனையட்டும்னு சொல்ற?"

பேச்சு வளர்ந்தது. பெண்கள் இருவரும் வந்து இழுத்துக்கொண்டு போகும்வரை வளர்ந்தது. மறுநாள் ஆள் வைத்து அன்புச்செல்வன் தன் பாதியைப் பிரித்தான். ஒரு பக்கத்துத் தூண் போனதும் மறுபக்கத்துக் கூரை தானாகவே சாய்ந்தது. தீனதயாளன் மாடுகளை அவிழ்த்துக்கொண்டு போய்த் தன் வீட்டுக்குப் பின்னால் கட்டினார். அந்த வாரமே இரண்டு வீட்டுக்கும் நடுவில் கீற்றுத் தட்டி ஏறியது.

அதைப் பார்த்துச் சிலருக்கு மனசு இளகியது, சிலருக்குப் பயம் வந்தது. கிணற்றுச் சட்டங்கள் சில வந்தன. மோட்டார் ரூம் உத்திரங்கள் வந்தன. மாயவனும் கோணிப்போன ஒன்றை, பேப்பர்காரனை வரவழைத்து, மாலை போட்டுக் கொடுத்தார். கேட்டும் தொட்டி மேடையும் அப்படியே நின்றன. பழைய ஸ்டேஷன் இடத்தில் தண்டவாளம் குவியலாகச் சேர்ந்தது. அன்புச்செல்வன் தினமும் காலையில் போய் அதைப் பார்த்துவிட்டு வருவான்.

அபிநயா ஒரு மதியம் வந்தாள். கூட ஒரு வயதான மேஸ்திரி. குவியலைச் சுற்றி வந்தார்கள். மேஸ்திரி ஒவ்வொன்றின் முனையையும் கையால் தடவிப் பார்த்தார். பிறகு இருவரும் தள்ளிப்போய்ப் பேசினார்கள்.

"சார், இதை யூஸ் பண்ண முடியாது" என்றாள் அவள், வந்து.

"எத்தம்மா?"

"எதையுமே. எல்லாம் உத்திரத்துக்கு ஏத்த மாதிரி கேஸ் கட்டர்ல வெட்டினது. முனையில போல்ட் ஓட்டை இல்ல. சிலது அடியில அரிச்சிருக்கு. இதுமேல ஆளுங்களை ஏத்தி வண்டி ஓட்டினா என்னை உள்ள வெப்பாங்க."

"இத்த நீங்க மொதல்லயே சொல்லக்கூடாதா?" அவன் குரல் அவனுக்கே அந்நியமாகக் கேட்டது. "வூட்டப் பிரிச்சி, கொட்டாயப் பிரிச்சி, அண்ணன் தம்பி பேச்சில்லாமப் போயி..."

"சொன்னேன் சார். எடுக்கறதுக்கு முன்னாடி எனக்குக் காட்டுங்கன்னு சொன்னேன். உங்ககிட்ட சொன்னேன், ஆபீஸ்ல சொன்னேன். குவியலோட போட்டோ மட்டும் அனுப்பினாங்க, நூறு லைக்கோட." அவள் கண்ணும் கலங்கித்தான் இருந்தது. வெயிலாகவும் இருக்கலாம். "ஃபைல் பாஸாயிடுச்சு. வேற ஒரு மூடின தொழிற்சாலையில இதே அளவு தண்டவாளம் இருக்கு, அது அடுத்த மாசம் லாரில வரும். அதைச் சொல்லத்தான் வந்தேன்."

நல்ல செய்திதான். அன்புச்செல்வனுக்கு அதைக் கேட்டுக் குவியல்மேல் எட்டி உதைக்கத் தோன்றியது. உதைத்தான். கால்தான் வலித்தது.

சரி, ஆனது ஆகட்டும், எடுத்ததைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்று கிளம்பினான். அங்கேதான் புதுச் சிக்கல். கைப்பற்றிய இரும்பு இப்போது அரசாங்கச் சொத்து, இருப்பில் ஏறிவிட்டது, ஏலத்தில்தான் வெளியே போகும் என்றார்கள். ஏலம் எப்போது என்றால் மதிப்பீடு வர வேண்டும். மதிப்பீடு யார் போடுவார் என்றால், அதற்கான ஆள் விடுப்பில் இருந்தார். அவர் வந்தபோது, இது எங்கள் பிரிவு இல்லை என்றார். அன்புச்செல்வன் ஒவ்வொரு மேஜையாக நின்றான். ரயில் கேட்டு அலைந்தபோதாவது மனசில் ஒரு ஆசை இருந்தது. இப்போது ஒரு வீட்டின் உத்திரத்தைக் கேட்டு அலைவதில் எரிச்சல் மட்டும்தான் மிச்சம்.

அதற்குள் ஐப்பசி மழை இறங்கியது. இருசம்மாள் வீட்டு முகப்பில் இரண்டு சவுக்குக் கழி நட்டு, ஒரு பழைய பிளெக்ஸ் பேனரைக் கட்டியிருந்தார்கள். திட்டம் அறிவித்தபோது கமிட்டி வைத்த பேனர்தான். மழைத் தண்ணீர் நடுவில் தொப்பையாகத் தேங்கி, பாவாடை கம்பால் குத்தித் தூக்கும்போதெல்லாம் வாசலில் கொட்டியது. அந்த வழியாகப் போகாமல் இருக்க அன்புச்செல்வன் ஏரிக்கரையைச் சுற்றிக்கொண்டு வயலுக்குப் போனான்.

இரண்டு சவுக்குக் கழியை வாங்கிப் போட்டுக் கொடுத்துவிடலாம் என்று விஜயலட்சுமி சொன்னாள். அவன் போய்க் கேட்டான்.

"கழி எதுக்குங்க?" என்றாள் இருசம்மாள். "கழி கரையான் தின்னுடும். எங்க மாமனாரு வெச்ச இரும்பு அது. அங்கதான கெடக்குது? அத்தக் குடுங்க."

"அத குடுக்க மாட்டேங்கறாங்கம்மா."

"எடுக்கச்சொல்ல யாரையும் கேக்கல. குடுக்கச்சொல்ல மட்டும் யாரக் கேக்கணும்?"

மூன்றாம் நாள் அன்புச்செல்வன் பட்டப்பகலில் தன் டிராக்டரை எடுத்துக்கொண்டு ஸ்டேஷன் இடத்துக்குப் போனான். பாவாடையும் இன்னும் சிலரும் கூட வந்தார்கள். குவியலில் பாவாடை தன் வீட்டு உத்திரத்தை ஒரு நொடியில் கண்டுபிடித்துவிட்டான்; பொட்டு வைத்த மஞ்சள் இன்னும் அதில் ஒட்டிக்கொண்டிருந்தது. காவலுக்கு இருந்தவர் எழுந்து வந்தார்.

"செயலாளரே, எங்க எடுத்துக்கினு போற?"

"எங்க இருந்து வந்துச்சோ அங்க."

"எழுதிக் குடுத்துட்டுப் போ."

"எடுத்தப்ப யாரு எழுதிக் குடுத்தது? நீ போன் பண்றதுன்னா பண்ணிக்க."

அவர் போன் செய்தார். மதியத்துக்குள் தண்டவாளம் இருசம்மாள் வீட்டுச் சுவரில் ஏறி, மேலே சட்டமும் பாதி ஓடும் போட்டாயிற்று. அப்போது போலீஸ் ஜீப் வந்தது. உத்திரத்தை இறக்கு என்றார் உதவி ஆய்வாளர். காலனிப் பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து அந்த இறக்கைக்குக் கீழே உட்கார்ந்தார்கள். யாரும் கோஷம் போடவில்லை. முறத்தை மடியில் வைத்துக்கொண்டு ஒருத்தி கல் பொறுக்க ஆரம்பித்தாள். சுற்றிலும் செல்போன்கள் எழுந்தன. உதவி ஆய்வாளர் அவற்றைப் பார்த்தார், கூரை ஓட்டைப் பார்த்தார், பெருமூச்சு விட்டார்.

"அத அப்புறம் பாத்துக்கலாம். எடுத்தது யாரு?"

"நான்தான்" என்றான் அன்புச்செல்வன்.

ஊரில் ஒரு வீடு பாக்கியில்லாமல் தண்டவாளம் எடுத்த ஊர் அது. அந்த ஊரின் சரித்திரத்தில் தண்டவாளத் திருட்டு என்று முதலும் கடைசியுமாக வழக்குப் பதிவானது அதைத் திருப்பிக் கொடுத்தவன்மேல்தான். போலீஸ் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது அவனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் இன்னொரு பிரிவு சேர்ப்பார்களோ என்று அடக்கிக்கொண்டான். பொழுது சாய்வதற்குள் ஜாமீன் கையெழுத்துக்கு ஆள் வந்தது. தீனதயாளன். கையெழுத்துப் போட்டார், வெளியே வந்தார், வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். தம்பி முகத்தைப் பார்க்கவே இல்லை. அன்புச்செல்வன் பஸ்ஸில் வந்தான்.

வழக்கு முடியும்வரை செயலாளர் பொறுப்பிலிருந்து விலகியிருப்பது நல்லது என்று கமிட்டி தீர்மானம் போட்டது. நல்ல மரியாதையான தமிழில் போட்டிருந்தார்கள். மாயவனே அந்தப் பொறுப்பையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டார்.

அடுத்த மாதம் வருமென்ற தண்டவாளம் மழைக்காலம் கழிந்துதான் லாரிகளில் வந்தது. வெயில் காலம் முழுக்க வேலை நடந்தது. திறப்பு விழா நாள் குறித்தார்கள். அதே நாளில் அன்புச்செல்வனுக்குக் கள்ளக்குறிச்சி கோர்ட்டில் வாய்தா விழுந்தது. விஜயலட்சுமி தலையில் கைவைத்துக்கொண்டாள். "உனக்குன்னு எங்க இருந்துதான் வந்து வாய்க்குதோ" என்றாள். அவளுக்கு மட்டும் அழைப்பு வந்திருந்தது, மகளிர் குழு சார்பில். நீ போ என்று அவன்தான் வற்புறுத்தினான்.

கோர்ட் வராந்தாவில் வெள்ளைச் சட்டையோடு பாதி நாள் நின்றான். கூப்பிட்டார்கள், போனான், அடுத்த தேதி கொடுத்தார்கள், வந்தான். பஸ் ஏறியபோது சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. விழாவில் எல்லோரும் இந்நேரம் வடை பாயசத்தோடு சாப்பிட்டு முடித்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டான். பசியைவிட அந்த நினைப்புதான் அதிகம் குடைந்தது.

ஊருக்கு முன்னால் ரோட்டின் குறுக்கே புதுசாகப் போட்டிருந்த ரயில்வே கேட் மூடிக் கிடந்தது. பஸ் நின்றது. முன்னால் கரும்பு டிராக்டர்கள், வேன்கள், பைக்குகள். எட்டிப் பார்த்தால், ரோட்டு நடுவிலேயே குட்டி ரயில் நின்றுகொண்டிருந்தது. சின்ன இன்ஜின், பின்னால் இரண்டு பெட்டி, வாழைமரம், பலூன், மாலை. புகை மட்டும் வரவில்லை. இன்ஜின் செத்துவிட்டது.

பக்கத்து சீட்டுக்காரர் துண்டால் விசிறிக்கொண்டார். "இன்னா கண்றாவிக்குய்யா இந்த ரயிலு? மாட்டாஸ்பத்திரிக்கு டாக்டர் இல்ல, ரயிலு வுட்றானுவ. எவன் கேட்டான் இத்த?"

அன்புச்செல்வன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். நான்தான் கேட்டேன் என்று சொல்ல வாய் வரை வந்தது. சொன்னால் இந்த வெயிலில் பதில் சொல்லி மாளாது.

நேரம் போனது. ஹாரன் சத்தம் காதைத் துளைத்தது. அமைச்சர் கார் முன்னாலேயே போய்விட்டதாகச் சொன்னார்கள். பிறகு கண்டக்டர் ஏறி, "ஆம்பளைங்க எல்லாம் எறங்குங்கப்பா, ஒரு கை தள்ளி வுட்டா ரோடு கெடைக்கும்" என்றார். ஆட்கள் முணுமுணுத்துக்கொண்டே இறங்கினார்கள். அன்புச்செல்வன் அசையவில்லை. இத்தனை வருஷம் தள்ளியது போதாதா? மாயவன் தள்ளட்டும். மாலை போட்டவன் தள்ளட்டும்.

ஜன்னலில் ஒரு முகம் வந்து நின்றது. அபிநயா. கையெல்லாம் கிரீஸ், பட்டுப்புடவை முந்தானையில் அப்பியிருந்தது. "சார், நீங்க வண்டியில இல்லையா?"

"எனக்கு அழைப்பு இல்லம்மா."

அவள் கையை மறுபடியும் முந்தானையிலேயே துடைத்தாள். "டீசல்ல தண்ணி கலந்திருக்கு" என்றாள். "எல்லாத்தையும் செக் பண்ணேன். டீசல மட்டும் வேற யாரோ வாங்கிட்டு வந்தாங்க." அழுதுவிடுவாள்போல இருந்தது.

அன்புச்செல்வன் கெட்ட வார்த்தை ஒன்றைச் சொன்னான். யாரை என்று அவனுக்கே தெரியாது. சொல்லிவிட்டு இறங்கினான். வெள்ளைச் சட்டையின் கையை மடித்துவிட்டுக்கொண்டு கடைசிப் பெட்டியின் பின்னால் போய் நின்றான். கரும்பு டிராக்டர்க்காரர்கள், பஸ் ஆட்கள், வேனிலிருந்து இறங்கிய சுற்றுலாக்காரர்கள், காலனியிலிருந்து வந்த பாவாடை, எல்லோரும் தோளைக் கொடுத்தார்கள். பெட்டியில் உட்கார்ந்திருந்த விஜயலட்சுமி எட்டிப் பார்த்து, "ஐயோ, இவரா?" என்றாள்.

ஒன்று, இரண்டு என்று யாரோ குரல் கொடுத்தார்கள். அசையவில்லை. மறுபடியும் தள்ளினார்கள். சக்கரம் முனகியது.

"கால பாத்து வையி. ஜல்லி வழுக்குது" என்றது பக்கத்துக் குரல்.

அன்புச்செல்வன் திரும்பினான். தீனதயாளன், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, கன்னத்தைப் பெட்டியோடு அழுத்தி, கழுத்து நரம்பு புடைக்கத் தள்ளிக்கொண்டிருந்தார். அவன் காலை மாற்றி ஸ்லீப்பர் கட்டைமேல் ஊன்றினான். வண்டி நகர்ந்தது. மெல்ல, மிக மெல்ல, ஒரு மாட்டு வண்டியைவிட மெதுவாக, ரோட்டை விட்டு நகர்ந்தது. பெட்டிக்குள்ளிருந்த குழந்தைகள் ரயில் ஓட ஆரம்பித்துவிட்டதாக நினைத்துக் கைதட்டினார்கள்.

கேட் திறந்ததும் எல்லோரும் அவரவர் வண்டிக்கு ஓடினார்கள். பஸ் ஹாரன் அடித்தது. அன்புச்செல்வன் முட்டியைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினான். அவன் சட்டை இப்போது கோர்ட்டுக்குப் போட்டுப் போகிற நிலையில் இல்லை.

"கேசு இன்னாச்சி?" என்றார் தீனதயாளன், அவனைப் பார்க்காமல், கையில் ஒட்டிய பெயிண்டைத் தேய்த்துக்கொண்டே.

"வாய்தா."

"மறுபடியுமா? எழவெடுத்தவனுங்க." அவர் தன் மோட்டார் சைக்கிளைத் திருப்பினார். கொஞ்சம் நின்றார். "பஸ்ஸு பொறப்படுது. ஏறப்போறியா, இல்ல பின்னால குந்தறியா?"

அன்புச்செல்வன் பின்னால் குந்தினான். வீடு வந்து சேரும் வரைக்கும், டீசல் வாங்கினவனை, மாயவனை, தேதி கொடுத்தவர்களை, ஒருத்தர் பாக்கியில்லாமல் இருவருமாகச் சேர்ந்து திட்டிக்கொண்டே போனார்கள்.